யாக்கெ நின்னெ பரலில்ல?: பெங்களூருக்கு வந்து சேர்ந்த பாட்டிகளுக்கு ஒரு வழிகாட்டி

காலை எட்டு நாற்பதுக்குப் பேத்தியின் பள்ளி வேன் கிளம்பும். ஒன்பதேகாலுக்கு மகனும் மருமகளும் ஆளுக்கொரு பையை முதுகில் மாட்டிக்கொண்டு லிஃப்டில் இறங்குவார்கள். பத்து மணிக்கு வீட்டு வேலை செய்யும் அம்மா பாத்திரங்களைக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போய்விடுவார். அதற்குப் பிறகு மாலை மூன்றரை வரை பதினோராவது மாடியில் நானும் ஃபிரிட்ஜின் உறுமலும்தான்.

திருநெல்வேலியிலிருந்து பெங்களூருக்கு வந்தபோது எனக்கு வயது 63. கணவர் இறந்து ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. மருமகளுக்குப் பிரசவ விடுப்பு முடிகிற நேரம். "அம்மா, நீ வந்தால்தான் முடியும்" என்றான் மகன். வந்தேன். ஐந்து வருடம் மூச்சு விட நேரமில்லை. பிறகு ஒரு நாள் காலையில் பேத்தி, "ஆச்சி, ஷூவை நானே போட்டுக்கொள்கிறேன்" என்றாள். என் கணவர் ரயில்வேயிலிருந்து ஓய்வு பெற்றபோது மாலை, சால்வை, சுவர்க்கடிகாரம் எல்லாம் கொடுத்து அனுப்பினார்கள். என்னுடைய பணிநிறைவு விழா அந்த ஷூவோடு முடிந்துவிட்டது.

ஒயிட்ஃபீல்டு, சர்ஜாபூர் சாலை, எலெக்ட்ரானிக் சிட்டி என்று எந்தப் பக்கம் போனாலும் அடுக்குமாடிகளின் பால்கனியில் நம்மவர்கள் நிற்பதைப் பார்க்கலாம். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். முதுமையில் வாழ்க்கைக்கு அர்த்தம் தேடுவது என்றெல்லாம் பெரிதாகச் சொல்ல எனக்குக் கூச்சமாக இருக்கிறது. என்னிடம் இருக்கும் அளவுகோல் சிறியது. அது கிடைத்த கதையைச் சொல்லிவிட்டு வேலைக்கு வருகிறேன்.

எங்கள் குடியிருப்புக்குப் பின்னால் ஒரு பூங்கா. அதில் புங்கமரத்தடியில் ஒரு சிமென்ட் பெஞ்சு. மைசூர்ப் பக்கத்து அம்மா ஒருவர் தினமும் காலை ஆறேகாலுக்கு அதில் வந்து உட்காருவார். பேத்தி பள்ளிக்குப் போகத் தொடங்கிய பிறகு நானும் மறுமுனையில் போய் உட்கார ஆரம்பித்தேன். இரண்டு வாரம் வெறும் புன்னகைதான். ஒரு நாள் முழங்கால் வலி, போகவில்லை. மறுநாள் என்னைப் பார்த்ததும் அவர் கேட்டார்: "யாக்கெ நின்னெ பரலில்ல?"

ஏன் நேற்று வரவில்லை என்று கேட்கிறார். கன்னடம் தெரியாத எனக்கு அது அப்படியே புரிந்தது. நான் வராமல் போனதை வீட்டுக்கு வெளியே ஒருவர் கவனித்தது இந்த ஊரில் அன்றுதான் முதல் முறை. அந்தக் கேள்வியை உங்களிடம் கேட்க ஒருவராவது வேண்டும். கீழே வருபவை எல்லாம் அந்த ஒருவரிடம் போய்ச் சேரும் வழி.

முதல் வாரம்: சாவியும் சில எண்களும்

உங்களுக்கென்று ஒரு வீட்டுச் சாவி கேட்டு வாங்குங்கள். கேட்கச் சங்கடமாக இருக்கும், ஆனாலும் கேளுங்கள். நம்மில் பலருக்கு வருடக்கணக்காகச் சாவியே இருப்பதில்லை. வீட்டில் எப்போதும் ஆள் இருப்பதால் சாவி எதற்கு என்று நினைத்துவிடுகிறார்கள். அந்த ஆள் நாம்தான் என்பது யாருக்கும் உறைப்பதில்லை. எண் பூட்டு என்றால் எண்ணை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். காகிதத்தில் எழுதி அதே பையில் வைக்காதீர்கள்.

அடுத்து, வாசல் காவலுக்கான செயலியில் உங்கள் பெயரை விருந்தினராக இல்லாமல் வீட்டில் வசிப்பவராகவே பதியச் சொல்லுங்கள். இல்லையென்றால் கூரியர் வந்தால்கூடச் செக்யூரிட்டி உங்கள் மகனை அலுவலகத்தில் கூப்பிட்டு அனுமதி கேட்பார். ஒரு சின்ன அட்டையில் வீட்டு எண், பிளாக், குடியிருப்பின் பெயர், அருகிலுள்ள பெரிய கடை அல்லது கோயில், மகன் அல்லது மகளின் எண் ஆகியவற்றைக் கன்னடத்திலும் ஆங்கிலத்திலும் எழுதி வாங்கிப் பர்ஸில் வையுங்கள். ஆட்டோக்காரருக்குத் தெரு எண்ணைவிடக் கோயில்தான் தெரியும்.

கைப்பேசியில் தமிழிலேயே பெயர் போட்டுச் சேமிக்க வேண்டியவை: அவசரத்துக்கு 112, ஆம்புலன்ஸுக்கு 108, முதியோர் உதவிக்கு 14567 (காலை 8 முதல் இரவு 8 வரை), பெங்களூரு நகரக் காவல்துறையோடு சேர்ந்து நடக்கும் முதியோர் உதவி எண் 1090, இணைய மோசடிக்கு 1930. கடைசி எண்ணை அலட்சியம் செய்யாதீர்கள். பகலில் தனியாக இருக்கும் வயதானவர்களைத்தான் அந்த ஆட்கள் தேடுகிறார்கள். வீடியோ அழைப்பில் போலீஸ் உடுப்போடு ஒருவர் தோன்றி, "உங்களை டிஜிட்டல் கைது செய்திருக்கிறோம், யாரிடமும் சொல்லாதீர்கள்" என்றால் உடனே துண்டியுங்கள். நம் சட்டத்தில் அப்படி ஒரு கைதே கிடையாது.

இரண்டாம் வாரம்: வாசலைத் தாண்டுவது

2023 ஜூன் 11 முதல் கர்நாடகத்தில் சக்தி திட்டம் நடப்பில் இருக்கிறது. மாநிலத்தில் வசிக்கும் பெண்கள் சாதாரண அரசுப் பேருந்துகளில் கட்டணமில்லாமல் போகலாம், ஏ.சி. பஸ்களுக்கு இது பொருந்தாது. கர்நாடக முகவரி உள்ள அடையாள அட்டையைக் காட்டினால் நடத்துநர் பூஜ்ய டிக்கெட் தருவார். ஆதாரில் இன்னும் ஊர் முகவரிதான் இருக்கிறது என்றால் மாற்றலாம். வாடகை ஒப்பந்தமும் மின்கட்டண ரசீதும் மகன் பெயரில்தான் இருக்கின்றன, என்ன செய்வது என்று கேட்பீர்கள். குடும்பத் தலைவர் வழியாக முகவரியை மாற்றிக்கொள்ளும் முறை 2023இல் வந்தது. மகனோ மகளோ தன் ஆதாரைக் கொண்டு இணையத்தில் ஒப்புதல் தர வேண்டும். விண்ணப்பித்த முப்பது நாளுக்குள் தராவிட்டால் கோரிக்கை காலாவதியாகிவிடும். முதல் தடவை என் மகன் மறந்தே போனான்.

முகவரி மாற்றுவதற்கு முன் ஒன்றை யோசியுங்கள். ஊரில் ரேஷன் அட்டையும் ஓட்டும் இருக்கின்றன. நிரந்தரமாக இங்கேதானா, பாதி வருடம் ஊரிலா என்று முடிவாகவில்லை என்றால் அவசரப்பட வேண்டாம். சில நிறுத்தங்களுக்கு டிக்கெட் வாங்கிப் போவதால் யாரும் ஏழையாகிவிட மாட்டோம்.

முதல் பயணம் காலை பதினொரு மணிக்கு இருக்கட்டும். அலுவலகக் கூட்டம் வடிந்திருக்கும். இரண்டு நிறுத்தம் போய் இறங்கி, எதிர்ப்பக்கம் நின்று திரும்பி வாருங்கள், அவ்வளவுதான். பஸ் படிகள் உயரம். ஏறும்போது நல்ல காலை முதலில் வையுங்கள், இறங்கும்போது வலிக்கிற காலை முதலில் வையுங்கள். எனக்கு இதைச் சொல்லிக்கொடுத்தவர் ஒரு பிசியோதெரபிஸ்ட். அவரிடம் போய்வந்த பத்து நாளில் மிச்சம் நின்றது இந்த ஒரு வரிதான், ஆனால் காசுக்குத் தகும். மெட்ரோ நமக்கு இன்னும் எளிது. லிஃப்ட் இருக்கிறது, உட்கார இடம் கேட்டால் பிள்ளைகள் எழுந்து கொடுக்கிறார்கள்.

கன்னடம்: ஒரே ஒரு சூத்திரம்

இந்தியும் ஆங்கிலமும் தெரியாதே என்று பயந்து வீட்டுக்குள்ளேயே கிடந்தேன். கன்னடம் நம் பக்கத்து வீட்டு மொழி என்பதை யாரும் எனக்குச் சொல்லவில்லை. பெஞ்சு நண்பரிடம் பேசப் பேச நானாகக் கண்டுபிடித்த சூத்திரம் இது: தமிழில் ப வரும் இடத்தில் ஹ போட்டுப் பாருங்கள். பால், ஹாலு. பூ, ஹூ. புலி, ஹுலி. பல், ஹல்லு. பாம்பு, ஹாவு. பசு, ஹசு. பத்து, ஹத்து. பெயர், ஹெசரு. அடுத்தது, வ வரும் இடத்தில் அழுத்தமான ப. வா என்பது பா. வாழை பாளெ, வெல்லம் பெல்ல. வீதியை பீதி என்கிறார்கள். இந்த ஊர்ப் போக்குவரத்தைப் பார்த்தால் அதுவே பொருத்தமாக இருக்கிறது. எல்லாச் சொல்லுக்கும் இது வேலை செய்யாது. ஆனால் பஸ்ஸில் நடத்துநர் "முந்தெ ஹோகி" என்று கத்தும்போது, முன்னே போங்கள் என்கிறார் என்று பிடித்துக்கொள்ள இது போதும்.

ஒரு எச்சரிக்கை. உங்களைப் பார்த்து யாராவது "பன்னி, பன்னி" என்றால் முகம் சிவக்க வேண்டாம். வாருங்கள் என்று மரியாதையாக அழைக்கிறார்கள். முதல் தடவை கோயில் வாசலில் ஒரு பெரியவர் என்னை அப்படி அழைத்தபோது நான் திரும்பி வீட்டுக்கே வந்துவிட்டேன்.

கடைக்கு எஷ்டு (எவ்வளவு), பேடா (வேண்டாம்), சாக்கு (போதும்), ஸ்வல்ப (கொஞ்சம்). பஸ்ஸில் இளீபேக்கு (இறங்க வேண்டும்). எல்லாவற்றையும்விடப் பயன்படும் வாக்கியம் "ஊட்டா ஆய்தா?" சாப்பாடு ஆயிற்றா என்பது. செக்யூரிட்டி, பூக்காரம்மா, லிஃப்டில் ஏறும் பக்கத்து வீட்டுக்காரர் என்று யாரிடமும் கேட்கலாம். பதில் புரியாவிட்டாலும் தலையாட்டினால் போதும். அல்சூர், சிவாஜிநகர், ஸ்ரீராமபுரம் பக்கம் போனால் பாதிக் கடைகளில் தமிழிலேயே பதில் வரும். அதற்காக அங்கேயே தமிழில் தொடங்காதீர்கள். கன்னடத்தில் ஒரு சொல் சொல்லித் தடுமாறினால் அவர்களே இரக்கப்பட்டுத் தமிழுக்கு வந்துவிடுவார்கள். உறவு அங்கிருந்து தொடங்கினால் நன்றாக இருக்கிறது.

முதல் மாதம்: உங்கள் பணம், உங்கள் காகிதம்

இதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். மத்திய அரசு ஓய்வூதியமோ குடும்ப ஓய்வூதியமோ வாங்குபவர்கள் நவம்பரில் உயிர்வாழ்வுச் சான்று தர வேண்டும். 80 வயது ஆனவர்கள் அக்டோபர் 1 முதலே தரலாம். ஊர் வங்கிக்கு ஓட வேண்டியதில்லை. ஜீவன் பிரமாண் என்ற மத்திய அரசின் இணையச் சேவை வழியாகக் கைப்பேசியில் முகத்தைக் காட்டியே முடித்துவிடலாம். மாநில அரசு ஓய்வூதியர்களுக்குக் கணக்கு வேறு. உங்கள் கருவூலத்தில் மாதத்தைக் கேட்டு நாட்காட்டியில் வட்டம் போடுங்கள். ஊர் வீட்டை விற்ற பணம் கையில் இருந்தால், 60 வயதானவர்களுக்கான மூத்த குடிமக்கள் சேமிப்புத் திட்டத்தில் 30 லட்சம் வரை போடலாம். மூன்று மாதத்துக்கு ஒரு முறை வட்டி வரும். அந்த வட்டி உங்கள் கணக்குக்கே வரட்டும், ஏ.டி.எம். அட்டை உங்கள் பையிலேயே இருக்கட்டும்.

வீட்டைப் பிள்ளைகள் பெயருக்கு எழுதிக்கொடுப்பதாக இருந்தால், கடைசிவரை பராமரிக்க வேண்டும் என்ற நிபந்தனையைப் பத்திரத்திலேயே எழுதச் சொல்லுங்கள். 2007ஆம் ஆண்டின் பெற்றோர், மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டத்தின் 23ஆம் பிரிவு அந்த நிபந்தனையைத்தான் பிடித்துக்கொண்டு நிற்கிறது; பராமரிக்காவிட்டால் பத்திரத்தை ரத்து செய்யக் கேட்கலாம். என் பிள்ளை அப்படிப்பட்டவன் இல்லை என்பீர்கள். என் பிள்ளையும் இல்லைதான். பத்திரம் பிள்ளையின் குணத்தைப் பார்த்து எழுதப்படுவதில்லை.

மூன்றாம் மாதம்: ஓரிடம், ஒரு கிழமை

இங்கேதான் நான் மிகவும் தடுக்கி விழுந்தேன். முதலில் சிரிப்புப் பயிற்சிக் குழு ஒன்றில் சேர்ந்தேன். காலையில் இருபது பேர் வட்டமாக நின்று ஹா ஹா என்று சிரிக்க வேண்டும். எனக்கு இல்லாத சிரிப்பை வரவழைக்கத் தெரியவில்லை. நான்காம் நாள் நின்றுவிட்டேன், யாரும் ஏன் வரவில்லை என்று கேட்கவும் இல்லை. பிறகு ஒரு பஜனைக் குழு. பாட்டு நன்றாக இருந்தது, ஆனால் அங்கே நான் இருபத்தெட்டாவது ஆள். மூலையில் உட்கார்ந்து தாளம் போட்டுவிட்டு வந்தேன். இரண்டிலும் நான் செய்த தவறு, வெறும் பார்வையாளராகப் போய் உட்கார்ந்தது.

அதனால் சொல்கிறேன்: எங்கே சேர்ந்தாலும் ஒரு வேலையைப் பிடித்துக்கொள்ளுங்கள். சின்ன வேலையாக, நீங்கள் போகாவிட்டால் நின்றுபோகிற வேலையாக இருக்க வேண்டும். ஜமுக்காளம் விரிப்பது, பாட்டு நோட்டை எடுத்துக்கொடுப்பது, அலமாரிச் சாவியை வைத்திருப்பது. அதே பஜனைக் குழுவில் எங்கள் மாடி அம்மா ஒருவர் சுண்டல் பொறுப்பை எடுத்துக்கொண்டார். ஒரு வியாழக்கிழமை அவர் வரவில்லை. ஐந்து பேர் போன் செய்தார்களாம்.

நான் பிடித்துக்கொண்டது எழுத்து. எங்கள் குடியிருப்பில் தமிழ் பேசத் தெரிந்து படிக்கத் தெரியாத பிள்ளைகள் நிறைய. சனிக்கிழமை மாலை ஐந்து மணிக்கு நான்கு பேரைக் கூட்டி உட்கார வைத்தேன். நோட்டைத் திறந்தாலே ஓடினார்கள். சாப்பாட்டுத் தட்டில் ரவையைப் பரப்பி விரலால் எழுதச் சொன்னேன். ழ எழுதும்போது ரவை சரிந்து எழுத்தின் வால் மூடிக்கொள்ளும், குலுக்கி மறுபடி எழுதுவார்கள். ஒரு பையன் பத்துத் தடவை குலுக்கினான். அந்த வாலை எந்தப் பக்கம் வளைப்பது என்று அவன் நாக்கைக் கடித்துக்கொண்டு யோசித்த நேரம் முழுக்க என் முழங்கால் வலி எனக்கு நினைவில்லை. பாடங்களுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் இணையதளத்தில் இலவசமாகவே நூல்கள் கிடைக்கின்றன. மாதம் பிள்ளைக்கு நூறு ரூபாய் வாங்குகிறேன். சும்மா சொல்லிக்கொடுக்கலாமே என்று ஒருவர் கேட்டார். நாற்பது வருடம் எல்லாவற்றையும் சும்மாவே செய்துவிட்டேன், இது ஒன்றுக்குக் காசு வாங்குகிறேன் என்றேன்.

உங்களுக்கு வேறு ஏதாவது வரும். வத்தல், வடகம், பின்னல், பூக்கட்டு, தையல், கணக்கு. பூக்கட்டத் தெரிந்த கைக்கு இந்த ஊரில் எந்தக் கோயிலும் திண்ணை தரும்.

வாசலுக்கு வெளியே போக முடிந்தவர்கள் அல்சூர் ஏரிக்கு அருகிலுள்ள பெங்களூர்த் தமிழ்ச் சங்கத்துக்கு ஒரு முறை போய்ப் பாருங்கள். 1950இல் தொடங்கிய சங்கம், நூலகம் இருக்கிறது. ஒயிட்ஃபீல்டுக்காரர்கள் ஊதா வழி மெட்ரோவில் ஏறினால் வண்டி மாறாமல் ஹலசூரு (அல்சூரின் கன்னடப் பெயர்) நிலையத்தில் இறங்கலாம். ஏரிக்கரையில் திருவள்ளுவர் சிலையையும் பார்த்துவிட்டு வாருங்கள். திறக்க முடியாமல் 18 ஆண்டு மூடியே கிடந்து, 2009 ஆகஸ்ட் 9 அன்று திறந்தார்கள். நான்கு நாள் கழித்து, பதில் மரியாதையாகச் சென்னை அயனாவரத்தில் கன்னடக் கவி சர்வக்ஞர் சிலை திறக்கப்பட்டது. இந்த ஊரில் தனக்கொரு இடம் கிடைக்க வள்ளுவருக்கே அவ்வளவு காலம் ஆகியிருக்கிறது. எலெக்ட்ரானிக் சிட்டியிலிருந்து மெட்ரோவில் வருபவர்கள் இரண்டு இடத்தில் வண்டி மாற வேண்டும். அதை வாரம் ஒரு முறை செய்ய நினைக்காதீர்கள், வருடத்துக்கு இரண்டு முறை போதும். வாராந்தர இடம் நடக்கும் தூரத்தில் இருப்பதே நல்லது.

வருடத்துக்கு ஒரு முறை போக ஆசைப்பட்டால், கன்னடப் பஞ்சாங்கத்தின் கார்த்திக மாதக் கடைசித் திங்கட்கிழமை (நம் கார்த்திகைக் கணக்கு வேறு) பசவனகுடியில் கடலெக்காய் பரிஷெ. நிலக்கடலைக்கென்றே ஒரு திருவிழா. ராமநவமியை ஒட்டிச் சாமராஜப்பேட்டைக் கோட்டை உயர்நிலைப்பள்ளி மைதானத்தில் கச்சேரிகள் நடக்கும், 1939இல் தொடங்கியது. துணைக்குப் பெஞ்சு நண்பரைக் கூப்பிடுங்கள். மகனைக் கூப்பிட்டால் அவன் பார்க்கிங் இல்லை என்பான்.

வீட்டில் பேச வேண்டிய ஒரு பேச்சு

சனிக்கிழமை வகுப்பு தொடங்கிய முதல் வாரமே மருமகளுக்கு வேலை விஷயமாக ஒரு அவசர அழைப்பு. பேத்தியைப் பார்த்துக்கொள்ள வகுப்பை ரத்து செய்தேன். அடுத்த வாரம் விருந்தாளிகள். மூன்றாம் வாரம் நான் தட்டும் ரவையுமாகக் காத்திருந்தேன், ஒரு பிள்ளையும் வரவில்லை. தப்பு என்னுடையதுதான். "போகலாமா?" என்று கேட்டால் வேலை வந்தபோது "வேண்டாம்" என்றுதான் பதில் வரும். அன்று இரவு சாப்பாட்டு மேசையில் சொன்னேன்: "சனிக்கிழமை நான்கரையிலிருந்து ஆறரை வரை நான் கிடையாது. காலையில் ஆறிலிருந்து ஏழு வரையும் கிடையாது. மற்ற நேரமெல்லாம் கேளுங்கள்."

கோபம் வரும் என்று நினைத்தேன். மருமகள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அத்தை, உங்களைப் பகலெல்லாம் அடைத்துப் போட்டிருக்கிறோமே என்று எனக்குத் தூக்கமே வருவதில்லை" என்றாள். நாட்காட்டியில் அவளே சிவப்புப் பேனாவால் சனிக்கிழமைகளில் கோடு போட்டாள். எல்லா வீட்டிலும் இவ்வளவு சுலபமாக முடியாது என்று தெரியும். அங்கேயும் கிழமையையும் மணியையும் சொல்லிக் கேளுங்கள்; "எனக்கும் கொஞ்சம் நேரம் வேண்டும்" என்று பொதுவாகச் சொன்னால் அது புலம்பலாகத்தான் காதில் விழும்.

காது, கண், மனம்

நம் வயதில் கூட்டத்தை விட்டு ஒதுங்குவதற்குப் பாதிக் காரணம் காது. பேச்சு சரியாகக் கேட்காது, மறுபடி கேட்க வெட்கம், அதனால் போகாமலே இருந்துவிடுவோம். காதைப் பரிசோதியுங்கள், சில சமயம் வெறும் அழுக்குதான் அடைத்திருக்கும். கண்ணில் புரை இருந்தால் தள்ளிப்போடாதீர்கள். அசதியும் மறதியுமாக இருந்தால் தைராய்டும் பி12 சத்தும் பார்க்கச் சொல்லுங்கள்; வயதாகிவிட்டது என்று நாமே தீர்ப்பு எழுதிவிடக் கூடாது. ஒரு மருத்துவமனையில் டாக்டர் என்னைப் பற்றிய கேள்வி அத்தனையையும் என் மகனிடமே கேட்டார், "அம்மாவுக்குப் பசிக்கிறதா?" என்பது வரைக்கும். அடுத்த தடவை கேள்விகளை ஒரு தாளில் எழுதிக்கொண்டு, மகனை வெளியே உட்கார வைத்துவிட்டுப் போனேன்.

இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கமில்லை, சாப்பாடு இறங்கவில்லை, காரணமில்லாமல் அழுகை வருகிறது, எதற்கு இருக்கிறோம் என்று தோன்றுகிறது என்றால், அதற்குப் பூங்காவும் பஜனையும் மருந்தில்லை. டாக்டரைப் பாருங்கள். 14416 என்ற டெலிமானஸ் (அரசின் மனநல உதவி) எண்ணுக்கு எந்நேரமும் இலவசமாகக் கூப்பிடலாம், தமிழிலும் பேசுவார்கள். நான் ஒரு முறை கூப்பிட்டிருக்கிறேன். கணவரின் திதிக்கு மறுநாள்.

ஊருக்குப் போவது

வருடத்துக்கு இரண்டு முறையாவது ஊருக்குப் போய்வாருங்கள். ரயிலில் மூத்தோர் கட்டணச் சலுகையை 2020 மார்ச்சில் நிறுத்திவிட்டார்கள், ஆனால் கீழ்ப்படுக்கை ஒதுக்கீடு இருக்கிறது. டிக்கெட் எடுக்கும் பிள்ளையிடம் அதைச் சொல்லி எடுக்கச் சொல்லுங்கள். கிளம்புவதற்கு முன் பெஞ்சில் சொல்லாமல் போகாதீர்கள். அதற்கும் அந்தச் சூத்திரமே போதும். போய் என்பது ஹோகி, வருகிறேன் என்பது பர்தீனி. சென்ற ஆடியில் நான், "ஊரிகெ ஹோகி பர்தீனி" என்றேன். பெஞ்சு நண்பர் எத்தனை நாள் என்று கேட்டார். "ஹதினைது" என்றேன். பதினைந்து. அவர் விரல் விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு, அப்படியானால் திரும்பி வருவது வியாழக்கிழமை, காலையில் வண்டி நேரத்துக்கு வந்துவிட்டால் ஆறேகாலுக்கே வந்துவிடலாம் என்றார். அல்வாவில் நெய் குறைவாக இருக்கட்டும் என்றும் சொன்னார், அவருக்குச் சர்க்கரை.